6 − 2.35: தப்பான விடையை வைத்தே தப்பு எங்கே என்று கண்டுபிடிப்பது

பிள்ளையிடம் 6-இலிருந்து 2.35-ஐக் கழிக்கச் சொல்லுங்கள். பென்சிலும் தாளும் கொடுத்துவிட்டுப் பேசாமல் உட்காருங்கள். "புள்ளிக்கு நேரே புள்ளி வை" என்று நடுவில் எடுத்துக் கொடுக்க வேண்டாம். 3.65 என்று வந்தால், 89.45 − 87.58, 7.12 − 3.5 இரண்டையும் கொடுத்துப் பாருங்கள். அவையும் சரியாக வந்துவிட்டால் கழிக்கத் தெரிந்த பிள்ளைதான். நேராகக் கீழே கிலோ, ஓவர் பற்றிச் சொல்லியிருக்கும் இடத்துக்குப் போய்விடலாம்.

3.65 வரவில்லையென்றால், வந்த விடையை அழிக்க விடாதீர்கள். இந்தக் கணக்குக்கு அடிக்கடி வரும் தப்பான விடைகள் நான்கு: 2.29, 4.35, 4.65, 3.75. நான்கும் நான்கு வேறு இடத்தில் தடம் மாறியவை. நான்கு பிள்ளைகளுக்கும் "தசமம் புரியலை" என்று ஒரே பாடத்தை மறுபடி முதலிலிருந்து நடத்துவது நேர விரயம். எந்த விடை வந்ததோ அதற்கான மருந்தை மட்டும் கொடுத்தால் போதும்.

எந்தத் தப்பு என்று பார்க்க வழி எளிது. வந்த விடையோடு 2.35-ஐக் கூட்டுங்கள். 6 வர வேண்டும். எவ்வளவு கூடுதலாக அல்லது குறைவாக வருகிறது என்று பாருங்கள்.

4.65 + 2.35 = 7.00. சரியாக 1 கூடுதல்.
3.75 + 2.35 = 6.10. பத்தில் ஒன்று கூடுதல்.
4.35 + 2.35 = 6.70. 0.35-இன் இரண்டு மடங்கு கூடுதல்.
2.29 + 2.35 = 4.64. எந்த ஒழுங்கும் இல்லாமல் எங்கேயோ போய்விட்டது.

## விடை 2.29: எண்கள் வலது ஓரத்தில் ஒட்டிக்கொண்டன

பிள்ளை 235-க்குக் கீழே, 5-க்கு நேராக 6-ஐ எழுதியிருக்கும். 235-இல் 6 போனால் 229. புள்ளியை மட்டும் பழைய இடத்தில் வைத்ததால் 2.29. முழு எண்களைக் கழிக்கும்போது வலது ஓரத்தை ஒட்டி எழுதித்தான் பழக்கம். அங்கே அது சரியும்கூட, ஏனென்றால் முழு எண்ணில் வலது ஓரம் எப்போதும் ஒன்றுகளின் இடம். தசமம் வந்ததும் வலது ஓரம் பத்தில் ஒன்றாக இருக்கலாம், நூறில் ஒன்றாக இருக்கலாம், ஆயிரத்தில் ஒன்றாகவும் இருக்கலாம். கை மட்டும் பழைய பழக்கத்திலேயே எழுதுகிறது.

இதே தப்பு 45.6 − 3.25-இல் இன்னும் நன்றாக மறைந்துகொள்ளும். 456-இல் 325 போக 131. புள்ளியை எங்கே வைப்பது என்று பிள்ளைக்கே குழப்பம் வந்து 13.1 அல்லது 1.31 என்று எழுதும். சரிபார்க்கச் சொன்னால் 1.31-ஐயும் 3.25-ஐயும் கூட்டி 4.56 என்று கொண்டுவரும். "456 வந்துடுச்சு சார்" என்று டிக் போட்டுவிடும்! இலக்கங்கள் பொருந்தின, அளவு பொருந்தவில்லை. 45-இலிருந்து 3 சொச்சம் போனால் 41-க்கும் 42-க்கும் பக்கத்தில்தானே நிற்க வேண்டும் என்று ஒரு கேள்வி கேட்டால் அந்த டிக் தானாக அழிந்துவிடும். விடை 42.35.

இதற்குக் கட்டம் போட்ட கணக்கு நோட்டுதான் நல்லது. ஒரு கட்டத்துக்கு ஓர் இலக்கம், புள்ளி கட்டங்களுக்கு நடுவிலுள்ள கோட்டின்மேல். கட்டம் போட்ட நோட்டு இல்லையா? கோடு போட்ட நோட்டைப் பக்கவாட்டில் திருப்பிவிடுங்கள், கோடுகள் செங்குத்தாக நின்று பத்திகளாகிவிடும். மேலே ப (பத்துகள்), ஒ (ஒன்றுகள்), பத்தில் 1, நூறில் 1 என்று தலைப்பு எழுதி, அப்புறம் எண்களை நிரப்பச் சொல்லுங்கள். தலைப்பு முக்கியம். புள்ளிக்கு நேரே புள்ளி என்ற விதி 6-க்கு உதவாது, அதில் புள்ளியே கண்ணில் படவில்லையே! "இந்த 6 என்ன? ஆறு ஒன்றுகள். ஒன்றுகள் எந்தப் பத்தியில்?" என்று கேட்டால் அது போக வேண்டிய இடத்துக்குப் போய்விடும்.

## விடை 4.35: கீழே தொங்கிய இலக்கம் அப்படியே இறங்கிவிட்டது

6-இல் 2 போக 4. மேலே புள்ளிக்குப் பின்னால் ஒன்றும் இல்லை, அதனால் கீழே உள்ள 35 அப்படியே விடைக்கு வந்துவிட்டது. கழிக்க வேண்டியதைக் கூட்டியதுபோல் ஆனதால்தான் தவறு இரண்டு மடங்காக, 0.70 ஆக நிற்கிறது.

பெரியவர்களும் செய்யும் தப்பு இது. ஒரு நகையின் மொத்த எடை 8.4 கிராம், அதில் கல்லின் எடை 0.275 கிராம் என்று வைத்துக்கொள்வோம். நிகர எடை என்ன? அவசரத்தில் 4-இல் 2 போக 2, கீழே 75-ஐ இறக்கி 8.275 என்று எழுதினால், இல்லாத 0.150 கிராம் தங்கத்துக்கும் பணம் கட்டுவோம். சரியான நிகர எடை 8.125, அதாவது ஒரு பவுனுக்குமேல் 125 மில்லிகிராம். ரசீதில் 8.400 என்று மூன்று இடத்துக்கும் நிரப்பியிருந்தால் இந்தத் தப்புக்கே இடமில்லை. அந்தப் பூஜ்யங்கள் அலங்காரம் அல்ல, கணக்கு அவற்றின்மேல்தான் நடக்கிறது.

மருந்தும் அதுவேதான்: 6-ஐ 6.00 என்று எழுத வைப்பது. ஆனால் "பூஜ்யம் சேர்த்துக்கோ" என்று மட்டும் சொல்லிவிட்டால், விவரமான பிள்ளை ஒன்று கேட்கும்: "6-க்குப் பின்னாடி ரெண்டு பூஜ்யம் போட்டா 600 ஆயிடாதா?" நியாயமான கேள்வி. 600 என்று எழுதும்போது 6 ஒன்றுகளின் இடத்திலிருந்து நூறுகளின் இடத்துக்கு நகர்ந்துவிடுகிறது. 6.00 என்று எழுதும்போது 6 நகரவில்லை. பத்தில் ஒன்று எதுவும் இல்லை, நூறில் ஒன்றும் எதுவும் இல்லை என்று எழுதிக் காட்டுகிறோம், அவ்வளவுதான். 8.4-ஐ 8.40 ஆக்கும்போதும் 4 தன் இடத்திலேயே இருக்கிறதா என்று விரலை வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

சரி, இங்கே ஒரு சிக்கல். 6.00 என்று ஒழுங்காக எழுதிய பிள்ளைக்கும் 4.35 வரலாம். 0-இல் 5 போகாது, 5-இல் 0 போகும் என்று தலைகீழாகக் கழித்திருக்கும். தப்பு வேறு, விடை ஒன்று. இரண்டையும் பிரிக்க மேலே எண்கள் நிறைந்த ஒரு கணக்கு வேண்டும். அதற்காகத்தான் 89.45 − 87.58. நீரஜ் சோப்ரா 2021-இல் டோக்கியோவில் தங்கம் வாங்கியபோது ஈட்டி போன தூரம் 87.58 மீட்டர், 2024-இல் பாரிஸில் வெள்ளி வாங்கியபோது 89.45 மீட்டர். எவ்வளவு கூடுதலாக எறிந்தார்? தலைகீழாகக் கழிக்கும் பிள்ளை 8-இல் 5 போக 3, 5-இல் 4 போக 1, 9-இல் 7 போக 2 என்று 2.13 எழுதும். விடை 1.87.

தலைகீழ்க் கழித்தலுக்குத் தசமம் காரணமே இல்லை. 52 − 37 கொடுத்துப் பாருங்கள், 25 என்று எழுதும். அப்படியென்றால் தசமத்தை மூடி வைத்துவிட்டு இரண்டு இலக்கக் கழித்தலுக்குத் திரும்பிப் போவதுதான் குறுக்குவழி.

## விடை 4.65: கடன் கொடுத்தவர் குறையவில்லை

இந்தப் பிள்ளை ஏறக்குறைய எல்லாவற்றையும் சரியாகச் செய்திருக்கிறது. பூஜ்யங்கள் 9, 10 என்று மாறின, 10-இல் 5 போக 5, 9-இல் 3 போக 6. ஆனால் 6-ஐ 5 ஆக்க மறந்துவிட்டது. அதனால்தான் தவறு சுத்தமாக 1. கூட்டிப் பார்த்து 7.00 வந்தால் வேறு எதையும் தேட வேண்டாம். 6-ஐ அடித்து மேலே 5 எழுதும் பழக்கம் வந்தால் போதும். மனதிலேயே வைத்துக்கொள்கிறேன் என்று சொல்லும் கெட்டிக்காரப் பிள்ளைகளுக்குத்தான் இது அதிகம் வருகிறது.

## விடை 3.75: பூஜ்யம் 10 ஆகி, 9 ஆகாமல் நின்றுவிட்டது

இந்தத் தப்பைக் கண்டுபிடிப்பது கஷ்டம். 6-இலிருந்து 2 போனாலே 4, இன்னும் கொஞ்சம் போக வேண்டியிருக்கிறது, ஆக விடை 4-க்குக் கீழே என்று மதிப்பிட்டால் 4.35-உம் 4.65-உம் உடனே மாட்டிக்கொள்ளும். 3.75 மாட்டாது, பார்க்க யோக்கியமாகவே இருக்கும். கூட்டிப் பார்த்தால்தான் 6.10 வந்து காட்டிக்கொடுக்கும்.

வகுப்பில் நாம் சொல்லும் "பக்கத்து வீட்டில் கடன் வாங்கு" என்ற பேச்சுக்கு இதில் பெரிய பங்கு உண்டு. பக்கத்து வீட்டில் பூஜ்யம், அதற்கு அடுத்த வீட்டிலும் பூஜ்யம் என்றால் பிள்ளை என்ன செய்யும்? கடைசி வீட்டில் ஒன்று வாங்கி, வழியில் உள்ள எல்லார் கையிலும் பத்துப் பத்தாகக் கொடுத்துவிடும். இப்போதைய பாடப்புத்தகங்களில் இனமாற்றம் என்கிறார்கள். அந்தப் பேச்சே நல்லது, ஏனென்றால் இங்கே நடப்பது சில்லறை மாற்றுவது. யாரும் யாருக்கும் கடன் கொடுப்பதில்லை.

முன்பெல்லாம் ரூபாயையும் பத்துப் பைசாவையும் வைத்துக் காட்டிவிடலாம். 25 பைசாவும் அதற்குக் குறைந்த நாணயங்களும் 2011 ஜூன் 30-க்குப் பிறகு செல்லாமல் போய்விட்டன. இன்றைய பிள்ளைகள் பத்துப் பைசாவைக் கண்ணால் பார்த்ததில்லை. அதனால் நான் எடையை எடுத்துக்கொள்கிறேன். 4.003 − 1.256 என்ற கணக்கை 4 கிலோ 3 கிராம் சர்க்கரையிலிருந்து 1 கிலோ 256 கிராம் கொடுப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். மேசையில் நான்கு ஒரு கிலோ பொட்டலங்கள், மூன்று கிராம் சில்லறை. நடுவில் 100 கிராம், 10 கிராம் பொட்டலம் ஒன்றுகூட இல்லை.

முதலில் 6 கிராம் கொடுக்க வேண்டும், கையில் 3 கிராம்தான். 10 கிராம் பொட்டலம் ஒன்றைப் பிரிக்கலாம் என்றால் இல்லை. 100 கிராமும் இல்லை. ஒரு கிலோவைப் பிரித்துப் பத்து 100 கிராம் பொட்டலம் கட்டுகிறோம், கிலோ மூன்றாகிறது. அந்தப் பத்தில் ஒன்றைப் பிரித்துப் பத்து 10 கிராம் பொட்டலம் கட்டுகிறோம். 100 கிராம் ஒன்பதாகிறது. அதில் ஒன்றைப் பிரித்தால் பத்து கிராம். 10 கிராம் ஒன்பதாகிறது, கிராம் 13 ஆகிறது. மேசையில் இப்போது 3, 9, 9, 13. ஒரு கிராம்கூடக் கூடவில்லை, குறையவில்லை.

13 − 6 = 7
9 − 5 = 4
9 − 2 = 7
3 − 1 = 2

விடை 2.747. நடுப் பூஜ்யங்களைப் பத்தாகவே விட்டிருந்தால் 2.857 வந்திருக்கும், 0.11 கூடுதல். பிரித்த பொட்டலத்தையும் முழுசாக எண்ணிவிட்டோம், அதுவும் இரண்டு இடத்தில்.

இதை ஒருமுறை கையால் செய்த பிறகு இரண்டு சுருக்குவழி சொல்லிக் கொடுக்கலாம். முதலாவது, 4.003-இல் உள்ள 4.00-ஐ 400 நூறில் ஒன்றுகள் என்று சேர்த்துப் படிப்பது. 400-இல் ஒன்றைப் பிரித்தால் 399. பூஜ்யம் பூஜ்யமாகத் தாண்ட வேண்டியதில்லை, ஒரே எட்டில் 399 என்று எழுதிவிட்டு அடுத்த இடத்தில் 13 எழுதலாம். இரண்டாவது, இரண்டு எண்களையும் ஒரே அளவு குறைப்பது. 6.00 − 2.35-உம் 5.99 − 2.34-உம் ஒன்றுதான்; இரண்டாவதில் பிரிக்கவே வேண்டாம், நேராக 3.65. எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கும். ஆனால் பிரிக்கத் தெரியாத பிள்ளைக்கு அதை முதலிலேயே கொடுத்தால், மேலே பூஜ்யம் இல்லாத கணக்கில் திரும்பவும் திணறும்.

பணக் கணக்கென்றால் கடைக்காரர் சொல்லும் விதத்தில் சொல்லிப் பார்ப்பதும் ஒரு சோதனை. 50 ரூபாய் கொடுத்து 32.75-க்குச் சாமான் வாங்கினால், முப்பத்திரண்டே முக்காலிலிருந்து முப்பத்துமூன்றுக்குக் கால், அங்கிருந்து ஐம்பதுக்குப் பதினேழு, ஆகப் பதினேழே கால். தாளில் 18.75 என்று எழுதிய பிள்ளைகூட இப்படி வாயால் சொன்னால் சரியாகச் சொல்கிறது.

## 7.12 − 3.5-க்கு விடை 4.7 வந்தால்

இது வேறு ரகம். 7-இல் 3 போக 4, 12-இல் 5 போக 7. புள்ளியை ஒரு சுவராக நினைத்து இரண்டு பக்கமும் தனித்தனிக் கணக்காகப் போட்டிருக்கிறது. விடை 3.62.

இந்தப் பிள்ளையிடம் கணக்கைக் கொடுக்காமல் எண்ணைப் படிக்கச் சொல்லுங்கள். "ஏழு புள்ளி பன்னிரண்டு" என்று படிக்கும். 0.5, 0.12 இரண்டில் எது பெரியது என்றால் 0.12 என்று சொல்லும், பன்னிரண்டு ஐந்தைவிடப் பெரியதாயிற்றே! புள்ளிக்குப் பின்னால் ஒவ்வோர் இலக்கமாக, "ஏழு புள்ளி ஒன்று இரண்டு" என்று படிக்கப் பழக்குவதுதான் முதல் வேலை. அடுத்து அளவுகோல். 3.5 சென்டிமீட்டர் எங்கே என்று தொட்டுக் காட்டச் சொல்லுங்கள், மூன்றுக்கும் நான்குக்கும் நடுவில் வைக்கும். இப்போது 7.12 எங்கே என்று கேளுங்கள். ஏழைத் தாண்டி ஒரு மில்லிமீட்டர் கோடு, அதற்குமேல் ஒரு துளி. புள்ளிக்குப் பின்னால் இருப்பது பன்னிரண்டு கோடு இல்லை என்று அப்போதுதான் உறைக்கும். ஒரு மாலை முழுக்க இதற்கே போனாலும் பரவாயில்லை, இது புரியாமல் மற்றவை நிற்காது.

## கழித்தல் சரி, விடை மட்டும் அபத்தம்

2 கிலோவிலிருந்து 50 கிராம் எடுத்தால் 1.5 கிலோ என்று விடை வந்தால், பிள்ளை 50 கிராமை 0.50 என்று எழுதியிருக்கிறது. கடைத் தராசின் திரையைப் பார்க்கச் சொல்லுங்கள்: 50 கிராமுக்கு 0.050 என்று காட்டும். புள்ளிக்குப் பின்னால் முதல் இடம் 100 கிராம்கள், அங்கே ஒன்றும் இல்லை. விடை 1.950. ஐந்து ரூபாய் ஐந்து பைசாவை 5.5 என்று எழுதுவதும் இதே தப்புதான்.

விடையில் வரும் பூஜ்யத்தை விழுங்கிவிடுவதும் உண்டு. 1984 லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்கில் 400 மீட்டர் தடை ஓட்டத்தில் பி.டி. உஷா 55.42 விநாடியில் நான்காவதாக வந்தார். வெண்கலம் வாங்கிய ருமேனியாவின் கோஜோகாரு 55.41. கழித்தால் ஒன்றுகளில் 0, பத்தில் ஒன்றில் 0, நூறில் ஒன்றில் 1. இதை 0.1 என்று எழுதினால் அவர் தவறவிட்ட நேரம் பத்து மடங்காகிவிடும். 0.01 என்று இரண்டு இடத்தையும் நிரப்பித்தான் ஆக வேண்டும்.

## புள்ளி இருக்கிறது, தசமம் இல்லை

சில கணக்குகளில் பிள்ளை செய்தது எல்லாம் சரி, எண்தான் தசமம் இல்லை. 20 ஓவர் ஆட்டத்தில் 16.4 ஓவர் முடிந்தது, மீதி எவ்வளவு? 3.6 என்று எழுதினால் கழித்தல் பிசகில்லை, ஆனால் கிரிக்கெட் பார்க்கும் எந்தப் பிள்ளையும் 3.2 என்று சொல்லும். 16.4 என்பது 16 ஓவரும் 4 பந்தும். ஓர் ஓவரைப் பிரித்தால் கிடைப்பது 6 பந்து, 10 அல்ல.

மணியும் அப்படியே. 3.45-க்குக் கிளம்பிய பேருந்து 5.30-க்கு வந்து சேர்ந்தால் பயணம் 1.85 இல்லை, 1 மணி 45 நிமிடம். பிரித்தால் கிடைப்பது 60. உயரம் 5.8, 5.11 என்று எழுதினால் அது அடியும் அங்குலமும், பிரித்தால் 12. அதனால்தான் 5.11 அங்கே 5.8-ஐவிட மூன்று அங்குலம் அதிகம். தசமமாக இருந்தால் 5.8-தான் பெரியது.

நம் பணமே 1957 ஏப்ரல் 1 வரை தசமமாக இருக்கவில்லை. ரூபாய்க்கு 16 அணா, அணாவுக்கு 12 பை. 6 ரூபாயிலிருந்து 2 ரூபாய் 5 அணா 6 பை கழிக்க வேண்டுமானால், ஒரு ரூபாயை 16 அணாவாக்கி, அதில் ஓர் அணாவை 12 பையாக்கி, 5 ரூபாய் 15 அணா 12 பை என்று வைத்துக்கொண்டுதான் ஆரம்பிக்க வேண்டும். மீதி 3 ரூபாய் 10 அணா 6 பை. ஒவ்வோர் இடத்திலும் பிரிக்கும் எண் வேறு, எந்த இடம் எதுவாகப் பிரியும் என்று தெரியாமல் கை வைக்கவே முடியாது. இப்போது எல்லா இடத்திலும் பத்துதான் என்பதால் பிள்ளைகள் அதைக் கேட்காமலே கழிக்கப் பழகிவிடுகிறார்கள். மணியோ ஓவரோ வந்தால் அங்கேதான் மாட்டுகிறார்கள். புள்ளியைப் பார்த்ததும் "ஒன்றைப் பிரித்தால் பக்கத்தில் எத்தனை?" என்று கேட்கப் பழக்குங்கள்.

## கணினி தப்பாகச் சொல்கிறது

கொஞ்சம் வளர்ந்த பிள்ளை பைத்தான் என்ற நிரல்மொழியில் 0.3 − 0.1 அடித்துப் பார்த்துவிட்டு, 0.19999999999999998 என்று வருவதைக் கொண்டுவந்து காட்டலாம். பிள்ளை போட்ட 0.2-தான் சரி. கணினி எண்களை இரண்டு இரண்டாகப் பிரித்து வைக்கிறது. அரை, கால், அரைக்கால் எல்லாம் அதில் துல்லியமாக அடங்கும், பத்தில் ஒன்று அடங்காது. மிக நெருங்கிய ஓர் எண்ணை வைத்துக்கொண்டு கழிப்பதால் கடைசியில் அந்தப் பிசிறு தெரிகிறது. பணக் கணக்குக்கு நிரல் எழுதுவதானால் ரூபாயைப் பைசாவாக்கி முழு எண்ணிலேயே கழித்துவிட்டு, காட்டும்போது மட்டும் புள்ளி வைக்கலாம்: 600 − 235 = 365.